காசு கட்டி டவுன்லோடு செய்த பாட்டு கணினியில் பாட மறுப்பது ஏன்? ‘அங்கீகாரம்’ எனும் ஐந்து இடக் கணக்கு

வெள்ளிக்கிழமை மாலை. சென்னை ஓ.எம்.ஆரில் வேலை பார்க்கும் ஒருவர், இரவு ரயிலில் திருநெல்வேலிக்குக் கிளம்ப வேண்டும். வழியில் சிக்னல் விட்டு விட்டுத்தான் வரும் என்பது அவருக்குத் தெரியும். போன வாரம் வாங்கிய புது லேப்டாப்பில் நாற்பது, ஐம்பது பாடல்களை இறக்கி வைத்துக்கொள்ளலாம் என்று ஆப்பிள் மியூசிக்கைத் திறக்கிறார். கணினியோ வேறு கதை சொல்கிறது: ‘இந்தக் கணக்கில் ஏற்கெனவே ஐந்து கணினிகள் அங்கீகரிக்கப்பட்டுள்ளன.’

“மாசாமாசம் காசு போகுதே, அப்புறம் என்ன அனுமதி? என்கிட்ட இருக்கறதே ஒரு லேப்டாப்புதானே, ஐந்து எங்கிருந்து வந்துச்சு?”

இப்படி ஒரு நிலை யாருக்கும் வரலாம். கேள்வி நியாயமானது. பதில் தெரிந்தால் பத்து நிமிடத்தில் வேலை முடியும். அதைவிட முக்கியம், நாம் சந்தா கட்டி ‘வைத்திருக்கும்’ பாட்டு உண்மையில் யாருடையது என்பதும் இந்தப் பதிலுக்குள்ளேயே இருக்கிறது.

இறங்குவது பாட்டு மட்டுமா?

சந்தா சேவையில் டவுன்லோடு பட்டனை அழுத்தினால் பாட்டுக் கோப்பு நம் கணினிக்கு வந்துவிடும். ஆனால் அது பூட்டிய பெட்டி. உள்ளே இருக்கும் ஒலி குறியாக்கம் செய்யப்பட்டிருக்கும். அதைத் திறக்கும் சாவி தனியாக, சேவை நிறுவனத்தின் சர்வரிலிருந்து வர வேண்டும். இந்தப் பூட்டு ஏற்பாட்டுக்குப் பொதுப் பெயர் டிஆர்எம். அதாவது டிஜிட்டல் உரிமை மேலாண்மை. ஆப்பிள் பயன்படுத்தும் பூட்டின் பெயர் ஃபேர்பிளே.

சாவியை யாருக்குக் கொடுப்பது? கணக்குக்கு மட்டும் கொடுத்தால், ஒருவர் தன் பாஸ்வேர்டை நூறு பேருக்குச் சொல்லிவிடலாம். அதனால் ‘இந்தக் கணக்கு, இந்தக் கணினி’ என்று இரண்டையும் சேர்த்து முடிச்சுப் போடுகிறார்கள். அந்த முடிச்சைப் போடும் வேலைதான் அங்கீகரித்தல், ஆங்கிலத்தில் ஆத்தரைஸ். அங்கீகாரம் கிடைத்த கணினியில் மட்டும் பெட்டி திறக்கும். கோப்பைப் பென்டிரைவில் நண்பருக்குக் கொடுத்தால், அவரிடம் போவது பெட்டிதான்; சாவி போகாது.

ஐந்து என்ற கணக்கு எப்படி வந்தது?

ஆப்பிள் நிறுவனம் 2003 ஏப்ரலில் அமெரிக்காவில் ஐட்யூன்ஸ் பாட்டுக் கடையைத் திறந்தது. ஒரு பாட்டு 99 சென்ட். திருட்டு எம்பி3 கோப்புகள் கொடிகட்டிப் பறந்த காலம் அது. பூட்டு இல்லாமல் பாட்டை விற்கப் பெரிய இசை நிறுவனங்கள் சம்மதிக்கவில்லை. ஆகவே, வாங்கிய பாட்டை மூன்று கணினிகளில் கேட்கலாம் என்று வரம்பு வைத்தார்கள். அடுத்த ஆண்டே, 2004இல், அது ஐந்தாக உயர்ந்தது. அன்று வைத்த ஐந்துதான் இன்றும் தொடர்கிறது.

இடையில் ஒரு திருப்பம். 2007 பிப்ரவரியில் ஆப்பிளின் அப்போதைய தலைவர் ஸ்டீவ் ஜாப்ஸ், இசைக்கு இந்தப் பூட்டே வேண்டாம் என்று வாதிட்டு ஒரு திறந்த மடல் வெளியிட்டார். அதே ஆண்டு இ.எம்.ஐ. நிறுவனம் பூட்டில்லாமல் விற்க முன்வந்தது. 2009 ஜனவரியில் மற்ற பெரிய நிறுவனங்களும் இறங்கிவந்தன. ஐட்யூன்ஸ் கடை இந்தியாவுக்கு வந்தது 2012 டிசம்பரில். அதனால் நம் ஊரில் அங்கே தனியாகக் காசு கொடுத்து வாங்கிய பாட்டுகளுக்குப் பூட்டுக் கிடையாது. எந்தக் கணினியிலும் பாடும்.

பிறகு பூட்டு ஏன் திரும்பி வந்தது? 2015 ஜூனில் ஆப்பிள் மியூசிக் சந்தா சேவை தொடங்கியது. விற்பனை போய் வாடகை வந்தது. வாடகை வீட்டுக்குச் சாவி எப்போதும் உரிமையாளர் கையிலும் ஒன்று இருக்கும் அல்லவா? அதே கதைதான். மாதச் சந்தாவுக்குப் பல கோடிப் பாட்டு திறந்துவிடப்படும்போது, ஒரே மாதம் காசு கட்டி எல்லாவற்றையும் இறக்கிக்கொண்டு ஒருவர் கிளம்பிவிடக் கூடாது என்பதற்காகப் பூட்டு மறுபடி வந்தது.

“அந்த ஐந்தும் எங்கே போச்சு?”

நம் ஓ.எம்.ஆர். ஊழியரின் கணக்கைப் பார்ப்போம். கல்லூரியில் வாங்கிய லேப்டாப், பிறகு செகண்ட் ஹேண்டில் விற்றது: ஒன்று. முதல் கம்பெனி கொடுத்து, ராஜினாமா அன்று திரும்ப ஒப்படைத்த லேப்டாப்: இரண்டு. ஊரில் தங்கச்சி பயன்படுத்தும் கணினி: மூன்று. ஒருமுறை பழுதாகி மதர்போர்டு மாற்றி, விண்டோஸையும் புதிதாகப் போட்ட கணினி: பழுதுக்கு முன் ஒன்று, பின் ஒன்று என நான்கும் ஐந்தும்.

கடைசியாகச் சொன்னதுதான் பலரும் எதிர்பார்க்காதது. அங்கீகாரம் என்பது கணினியின் உள்பாகங்களையும் இயங்குதளத்தையும் வைத்து அடையாளம் காண்பது. ராம், ஹார்ட் டிஸ்க் போன்றவற்றை மாற்றினாலோ, விண்டோஸை மறுபடி நிறுவினாலோ, அதே கணினி புது ஆளாகத் தெரியலாம். பழைய இடம் தானாகக் காலியாகாது. அதனால்தான் இப்படிப்பட்ட வேலைகளுக்கு முன்பும், கணினியை விற்கும் முன்பும், பழுதுக்குக் கொடுக்கும் முன்பும் அங்கீகாரத்தை நீக்கிவிடச் சொல்கிறது ஆப்பிள்.

செயலியை அன்இன்ஸ்டால் செய்தாலோ, டிஸ்க்கை ஃபார்மேட் அடித்தாலோ இடம் காலியாகிவிடும் என்று நினைப்பது தவறு. சர்வரில் அந்தப் பெயர்ப்பதிவு அப்படியே இருக்கும். ஓட்டல் அறையைக் காலி செய்துவிட்டு ரிசப்ஷனில் சொல்லாமல் போவது போல.

அங்கீகரிப்பது எப்படி, நீக்குவது எப்படி?

மேக் கணினியில் மியூசிக் செயலி, விண்டோஸில் ஆப்பிள் மியூசிக் செயலி அல்லது ஐட்யூன்ஸ். வழி ஏறக்குறைய ஒன்றுதான்.

1. முதலில் செயலியைப் புதுப்பித்துக்கொள்ளுங்கள். சந்தா உள்ள ஆப்பிள் கணக்கிலேயே உள்நுழையுங்கள். இரண்டு கணக்கு வைத்திருப்பவர்கள் தடுமாறும் இடம் இது.

2. மேலே மெனுவில் ‘அக்கவுன்ட்’, அதற்குள் ‘ஆத்தரைசேஷன்ஸ்’, அதற்குள் ‘ஆத்தரைஸ் திஸ் கம்ப்யூட்டர்’. பாஸ்வேர்டு கேட்கும். கொடுத்தால் முடிந்தது.

3. பாட்டை இறக்க ‘சிங்க் லைப்ரரி’ என்ற அமைப்பும் இயக்கத்தில் இருக்க வேண்டும். பாட்டை முதலில் லைப்ரரியில் சேர்த்த பிறகுதான் டவுன்லோடு குறி வரும்.

4. கையை விட்டுப் போகப்போகும் கணினி என்றால், அதே மெனுவில் ‘டீஆத்தரைஸ் திஸ் கம்ப்யூட்டர்’. அந்தக் கணினியில் உட்கார்ந்துதான் இதைச் செய்ய முடியும்.

“விற்ற லேப்டாப்பை எங்கே போய்த் தேடுவது?” என்றால், அதற்கும் வழி உண்டு. கணக்கு அமைப்புகள் பக்கத்துக்குப் போனால் எத்தனை கணினிகள் அங்கீகாரம் பெற்றுள்ளன என்ற எண்ணிக்கை தெரியும். எவை எவை என்று பெயர் தெரியாது. ‘டீஆத்தரைஸ் ஆல்’ என்பதை அழுத்தினால் எல்லா இடமும் ஒரே தட்டில் காலியாகும். பிறகு இப்போது கையில் இருப்பவற்றை மட்டும் மறுபடி அங்கீகரித்துக்கொள்ளலாம். ஆனால் இந்த வசதி ஆண்டுக்கு ஒருமுறைதான். இன்று அவசரத்தில் பயன்படுத்திவிட்டால், அடுத்த ஒரு வருடம் ஒவ்வொரு இடத்தையும் பார்த்துப் பார்த்துத்தான் செலவழிக்க வேண்டும்.

போனுக்கும் இந்தக் கணக்கு உண்டா?

ஐபோன், ஐபேட் ஆகியவை இந்த ஐந்தில் வராது. ஆனால் இன்னொரு பட்டியல் இருக்கிறது. ஒரு கணக்கோடு மொத்தம் 10 சாதனங்களை இணைக்கலாம். அவற்றில் கணினிகள் ஐந்துக்கு மேல் போகக் கூடாது. சந்தாப் பாட்டுகளை இறக்கிய சாதனம் இந்தப் பட்டியலில் ஏறிவிடும். அதே சாதனத்தை வேறொருவரின் கணக்குக்கு மாற்ற நினைத்தால் 90 நாள் காத்திருக்க நேரலாம். ‘இன்னிக்கு அண்ணன் கணக்கு, நாளைக்கு என் கணக்கு’ என்று மாற்றி மாற்றிப் போடுபவர்கள் மாட்டிக்கொள்வது இங்கேதான். குடும்பத்தோடு பகிர வேண்டுமானால் ஃபேமிலி திட்டம்தான் நேர்வழி. அதில் ஒவ்வொருவருக்கும் தனிக் கணக்கு.

மற்ற சேவைகளில்?

ஸ்பாட்டிஃபையில் ‘அங்கீகரி’ என்று தனிப் பட்டன் கிடையாது. லாகின் செய்து இறக்கினாலே கணக்கில் ஏறிவிடும். கட்டணச் சந்தாவில் ஐந்து சாதனங்கள் வரை, ஒவ்வொன்றிலும் 10,000 பாட்டுகள் வரை இறக்கலாம். ஆறாவது சாதனத்தில் இறக்கினால், நெடுநாள் பயன்படுத்தாத சாதனத்திலிருந்து பாட்டுகள் நீங்கிவிடும். 30 நாளுக்கு ஒருமுறையாவது இணையத்தில் தலைகாட்ட வேண்டும். சந்தா உயிரோடு இருக்கிறதா என்று சரிபார்க்கத்தான் அது. யூடியூப் மியூசிக்கிலும் இதே 30 நாள் விதி உண்டு.

ஆக, பெயர்தான் வேறு, தத்துவம் ஒன்று. சாவி நம்மிடம் இருப்பது போலத் தெரியும். உண்மையில் அது அவ்வப்போது புதுப்பிக்கப்படும் அனுமதிச் சீட்டு.

சந்தா நின்றால், சேவையே நின்றால்?

சந்தா நின்றால், இறக்கிய பாட்டுகள் பாடாது. கோப்பு டிஸ்க்கில் இருந்தாலும் பயனில்லை.

சேவையே மூடினால்? ஏர்டெல் நிறுவனம் தன் விங்க் மியூசிக் செயலியை மூடப்போவதாக 2024 ஆகஸ்டில் அறிவித்தது. ஆண்டுக்கணக்காக அதில் பிளேலிஸ்ட் கோத்தவர்கள் வேறு இடம் தேட வேண்டியதாயிற்று. காசு கொடுத்து ‘வாங்கிய’ பாட்டுக்கே ஆபத்து வந்த வரலாறும் உண்டு. மைக்ரோசாஃப்டின் எம்எஸ்என் மியூசிக் கடை 2006இல் விற்பனையை நிறுத்தியது. 2008 ஆகஸ்டோடு சாவி கொடுக்கும் சர்வரையும் நிறுத்தப்போவதாகச் சொன்னது. அதன்பின் கணினி மாற்றினால் வாங்கிய பாட்டு பாடாது என்ற நிலை. எதிர்ப்புக் கிளம்பிய பிறகே 2011 வரை அவகாசம் நீண்டது.

தொலையக் கூடாதது எது?

சினிமாப் பாட்டு போனால் வேறு சேவையில் கிடைக்கும். கிடைக்காதது வேறு. வீட்டில் பலரிடம் தாத்தா காலத்துக் கல்யாண நாகஸ்வரக் கேசட், பாட்டி பாடிய தாலாட்டு, கோயில் திருவிழாக் கச்சேரிப் பதிவு என்று எம்பி3 ஆக்கி வைத்த கோப்புகள் இருக்கும். சிங்க் லைப்ரரியை இயக்கினால் இவையும் கிளவுடுக்கு ஏறி, போனிலும் கேட்கக் கிடைக்கும். ‘அதான் மேல ஏறிடுச்சே’ என்று கணினியில் இருக்கும் அசல் கோப்பை அழித்துவிட்டால், சந்தா நின்ற பிறகு கிளவுடில் இருப்பது கைக்கு எட்டாது. இது பேக்கப் சேவை அல்ல என்று ஆப்பிளே எச்சரிக்கிறது. அசல் கோப்புகளை ஒரு தனி ஹார்ட் டிஸ்க்கில் போட்டு வையுங்கள். வீட்டில் இன்னொருவரிடமும் ஒரு நகல் இருக்கட்டும்.

பூட்டை உடைத்தால் என்ன?

இணையத்தில் பூட்டை நீக்கித் தருவதாகச் சொல்லும் மென்பொருள்கள் ஏராளம். 2012இல் திருத்தப்பட்ட இந்தியக் காப்புரிமைச் சட்டத்தின் 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு இத்தகைய பாதுகாப்பை உடைப்பதைக் குற்றமாக்குகிறது. இரண்டு ஆண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கலாம். தவிர, முன்பின் தெரியாத மென்பொருளிடம் பாஸ்வேர்டைக் கொடுப்பது தனி வில்லங்கம். ஒரு பாட்டு என்றென்றும் வேண்டும் என்றால், பூட்டில்லாமல் விற்கும் கடையில் அதை மட்டும் வாங்கிவிடுவதே மேல்.

மறக்காமல் செய்ய வேண்டியவை

லேப்டாப் விற்கும் முன், ஆபீஸ் லேப்டாப்பை ஒப்படைக்கும் முன், சர்வீஸுக்குக் கொடுக்கும் முன் அங்கீகாரத்தை நீக்குங்கள். ஆபீஸ் கணினியில் சொந்தக் கணக்கைப் போடாமலே இருந்தால் இன்னும் நல்லது. ‘டீஆத்தரைஸ் ஆல்’ வசதியை அவசரத்துக்கென்று வைத்துக்கொள்ளுங்கள். பயணத்துக்கு முந்தைய நாளே பாட்டை இறக்கி, வைஃபையை அணைத்து ஒருமுறை பாட விட்டுப் பாருங்கள்.

அந்த ஓ.எம்.ஆர். ஊழியருக்கு அன்று இருந்த வழி ‘டீஆத்தரைஸ் ஆல்’தான். எல்லா இடத்தையும் காலி செய்து, புது லேப்டாப்பை மறுபடி அங்கீகரித்தால் ரயிலுக்குப் பாட்டு தயார். ஊரில் இறங்கியதும் தங்கச்சியின் கணினியில் ஒருமுறை பாஸ்வேர்டு போட வேண்டியிருக்கும். இல்லையென்றால் அடுத்த போன் அவரிடமிருந்துதான் வரும்: “அண்ணா, பாட்டே பாட மாட்டேங்குது!”