விஜயகாந்தைக் கேலி மறைத்த கதை

2011 சட்டமன்றத் தேர்தலில் நடிகர் வடிவேலு தி.மு.க.வுக்காக ஊர் ஊராகப் போய், நடிகரும் தே.மு.தி.க. தலைவருமான விஜயகாந்தைக் கேலி செய்தார். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. ஆனால் அ.தி.மு.க. கூட்டணியில் 41 இடங்களில் நின்ற தே.மு.தி.க. 29 இடங்களில் வென்றது. விஜயகாந்த் எதிர்க்கட்சித் தலைவரானார். கேலி மட்டும் ஒரு தலைவரைச் சாய்த்துவிடாது என்பதற்கு இது நல்ல சான்று. மேடையில் பேசுபவர் எந்தக் கட்சிக்காகப் பேசுகிறார் என்று சனங்களுக்குத் தெரியும். சிரித்துவிட்டு, தாம் நினைத்தவருக்கே ஓட்டுப் போடுவார்கள்.

அடுத்து வந்த கேலிக்குக் கட்சி அடையாளம் கிடையாது. விஜயகாந்தின் பேச்சு தடுமாறிய சில விநாடிகளைத் தொலைக்காட்சிகள் திரும்பத் திரும்பக் காட்டின. அவற்றை வெட்டி, சினிமா வசனம் ஒட்டி, மீம்ஸாக வாட்ஸ்அப்பில் சுற்றவிட்டார்கள். 2015 டிசம்பரில் அவர் செய்தியாளர்களை நோக்கித் துப்பியதும் அந்த வரிசையில் சேர்ந்தது. அந்தச் செயல் தவறுதான், அதைக் கண்டித்ததும் சரிதான். ஆனால் உடல்நலம் குன்றிய ஒருவரின் நாக்குக் குழறலும் அதே சிரிப்புக்குத் தீனியானது கொடுமை. 2016-ல் அவர் கட்சி ஓர் இடத்திலும் வெல்லவில்லை, வாக்கு 2.4 சதவீதமாகச் சுருங்கியது. உளுந்தூர்பேட்டையில் அவரே டெபாசிட் இழந்தார். மீம்ஸா அவரைத் தோற்கடித்தது என்று கேட்பது நியாயம். இல்லை. அ.தி.மு.க.வுடன் முறிவு, கட்சி எம்.எல்.ஏ.க்களின் விலகல், மக்கள் நலக் கூட்டணியுடன் சேர்ந்த முடிவு என்று அரசியல் காரணங்கள் வலுவாகவே இருந்தன. கேலி செய்த கேடு வேறு: அந்தக் காரணங்களை அலசவேண்டிய நேரத்தை அது தின்றுவிட்டது. எதிர்க்கட்சித் தலைவர் ஏன் சட்டமன்றத்துக்கு அதிகம் வரவில்லை என்ற கேள்வியைவிட, அவர் எப்படிப் பேசினார் என்பதே பெரிய செய்தியானது.

அரசியல்வாதியைக் கேலி செய்யவே கூடாதா? தாராளமாகச் செய்யலாம். 1970-ல் பத்திரிகையாளர் சோ தொடங்கிய ‘துக்ளக்’ இதழ் ஆட்சியாளர்களின் முடிவுகளை நையாண்டி செய்தது. அதைப் படித்தவர் சிரித்ததோடு, அந்த முடிவு சரியா என்றும் யோசித்தார். உடலைக் காட்டிச் சிரிக்கவைக்கும் மீம்ஸில் யோசிக்க எதுவும் இல்லை.

2023 டிசம்பர் 28 அன்று விஜயகாந்த் மறைந்தபோது சென்னை தீவுத்திடலில் பெருங்கூட்டம் திரண்டது. படப்பிடிப்பில் எல்லோருக்கும் ஒரே சாப்பாடு போட்டவர், வாரி வழங்கியவர் என்ற காட்சிகள் அதே செல்போன்களில் ஓடின. அவையும் உண்மைதான். ஆனால் அவையும் யாரோ பொறுக்கியெடுத்த விநாடிகளே. எதிர்க்கட்சித் தலைவராக அவர் என்ன செய்தார், எதைச் செய்யத் தவறினார் என்ற கணக்கைக் கேலிக் காலத்திலும் பெரிதாக யாரும் பார்க்கவில்லை, கண்ணீர்க் காலத்திலும் பார்க்கவில்லை.