பேயிடம் தப்பியவன் மனிதனிடம் தப்பவில்லை

ஹாலிவுட்டின் பழைய பேய்ப் படங்களில் கறுப்பருக்குப் பெரும்பாலும் ஒரே வேலைதான்: பேயைக் கண்டதும் கண்களை உருட்டி, நடுநடுங்கி, கொட்டகையைச் சிரிக்க வைப்பது. 1941-ல் வந்த 'கிங் ஆஃப் தி ஸோம்பீஸ்' படத்தில் மாண்டன் மோர்லண்ட் என்ற திறமைசாலிக்குக் கிடைத்ததும் அப்படியொரு வேலைக்கார வேடமே.

இந்த வழக்கத்தை உடைத்தது, 1968-ல் வெளிவந்த 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்'. அமெரிக்காவில் பிட்ஸ்பர்க் நகருக்கு அருகே, ஜார்ஜ் ரோமரோ சொற்பச் செலவில் எடுத்த படம் அது. பிணங்கள் எழுந்து மனிதரைத் தின்ன வருகின்றன. ஒரு பண்ணை வீட்டில் ஏழு பேர் சிக்கிக் கொள்கிறார்கள். ஆறு பேர் வெள்ளையர். கதவு, ஜன்னல்களில் பலகை அடித்து, துப்பாக்கி ஏந்திக் காவல் நிற்பவன் ஏழாமவனான பென். அந்த வேடத்தில் நடித்தவர் டுவேன் ஜோன்ஸ் என்ற கறுப்பர்.

கதாநாயகன் கறுப்பர் என்று கதையில் எழுதப்பட்டிருக்கவில்லை. வந்தவர்களில் ஜோன்ஸே நன்றாக நடித்ததால் அவரைத் தேர்ந்தெடுத்ததாக ரோமரோ பின்னர் சொன்னார். படத்தில் பென்னின் நிறத்தைப் பற்றி ஒருவரும் வாய் திறப்பதில்லை.

நெற்றியில் குண்டு

பொழுது விடிகிறது. பென் ஒருவனே மிஞ்சியிருக்கிறான். ஷெரீப்பின் ஆட்கள் துப்பாக்கிகளோடு வருகிறார்கள். உதவி வந்ததென்று ஜன்னலருகே வந்த பென்னை, நடமாடும் பிணம் என்று எண்ணி நெற்றியில் சுடுகிறார்கள். யார், எவர் என்று கேட்பாரில்லை. கொக்கியால் இழுத்துச் சென்று, மற்றப் பிணங்களோடு நெருப்பிலிடுகிறார்கள்.

அதே ஆண்டு ஏப்ரல் 4-ந் தேதிதான் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். படம் அக்டோபரில் திரைக்கு வந்தது. டைரக்டர் எண்ணினாரோ இல்லையோ, அந்தக் குண்டுக்கு யாரும் பொருள் சொல்லித் தர வேண்டியிருக்கவில்லை.

போலீஸ் விளக்கு

49 ஆண்டுகளுக்குப் பிறகு, 2017-ல், ஜோர்டான் பீல் என்ற கறுப்பு டைரக்டரின் 'கெட் அவுட்' வந்தது. வெள்ளைக் காதலியின் வீட்டுக்கு விருந்தாளியாகப் போகும் கிறிஸ் என்ற கறுப்பு இளைஞனுக்கு அங்கே உபசரிப்பே பொறியாகிறது. போராடித் தப்பி வெளியே வருகிறான், சுற்றிலும் பிணங்கள். அப்போது ஒரு காரின் சுழல் விளக்கு தெரிகிறது. வேறு படமானால் 'அப்பாடா' என்றிருக்கும். இங்கே வயிற்றைக் கலக்குகிறது. இறங்குபவன், விமான நிலையப் பாதுகாப்பில் வேலை பார்க்கும் அவனுடைய நண்பன்!

கிறிஸ் சிறைக்குப் போவதாகத்தான் பீல் முதலில் முடிவைப் படமாக்கியிருந்தார், பிறகு மாற்றினார். இந்தக் கதைக்காக 2018-ல் ஆஸ்கர் பெற்றார். அந்தப் பிரிவில் பரிசு வாங்கிய முதல் கறுப்பர் அவரே.

கறுப்பருக்கு வேடம் கொடுத்தால் மட்டும் போதாது. அவர் எதற்கு அஞ்சுகிறார் என்பதையும் திரை காட்ட வேண்டும். பேய் துரத்தினால் ஓடலாம். காப்பாற்ற வந்தவனே சுட்டால் எங்கே ஓடுவது?