தோற்கத் தெரியாத வல்லவர்

மலையைப் பெயர்த்தெறியும் வலிமை பெற்றவன் ஒருவன். அவன் பெயரைக் கேட்டால் மூவுலகும் நடுங்கும். அத்தகையவன் சிறு பெண் ஒருத்தியோடு தாயம் ஆட உட்கார்ந்து, தன் காய் வெட்டுண்டதும் முகம் சிவந்து, உதடு துடித்து, "இந்த ஆட்டம் செல்லாது! மறுபடியும் முதலிலிருந்து!" என்று கூவுவானாயின் நாம் என்ன செய்வோம்? நடுங்குவோமா? சிரிப்போம் அன்றோ!

ஜப்பானியர் 'மங்கா' என்று வழங்கும் சித்திரக் கதைகளில் இச்சிரிப்பைக் காணலாம். போவன்பள்ளியில் நான் குடியிருக்கும் வீட்டுப் பையன், அத்தகைய கதையொன்றைச் சென்ற விடுமுறையில் எனக்குக் காட்டினான். அதன் தலைவன் ஓர் அரக்கன், ஆற்றலில் ஒப்பற்றவன், ஆனால் விளையாட்டில் தோற்பதை மட்டும் அவனால் தாங்க முடியாது. பக்கத்துக்குப் பக்கம் தோற்கிறான். பக்கத்துக்குப் பக்கம் குமுறுகிறான். பையன் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, "நம்ம கதையிலே இப்படி யாராவது உண்டா, அண்ணா?" என்று கேட்டான்.

அன்று எனக்கு விடை கூற இயலவில்லை. பின்னர் எண்ணிப் பார்த்தபோதுதான், ஒருவரல்லர், பலர் உண்டு என்பது விளங்கிற்று. அரக்கர் மட்டுமா? தேவரும், தேவர்க்கெல்லாம் தேவரான பெருமானுமே அவ்வரிசையில் நிற்கின்றனர்! அவர்களுள் சிலரை ஈண்டுக் காண்போம்.

எல்லோராவின் சுவரில்

முதற் சான்றைத் தேடி நெடுந்தொலைவு செல்ல வேண்டுவதில்லை. எல்லோராக் குகைகள் இன்று மராட்டிய மாநிலத்தில் உள்ளன. எனினும் 1956-இல் மாநிலங்கள் திருத்தி அமைக்கப்படும் வரை அவை ஐதராபாத் இராச்சியத்தைச் சேர்ந்தவையே. 1914-இல் நிறுவப்பெற்ற நிஜாம் அரசின் தொல்பொருள் துறைதான் அவற்றைப் பேணி வந்தது.

அங்குள்ள 21-ஆம் குகையில் சிவபெருமானும் உமையும் சூதாடும் காட்சி செதுக்கப்பட்டுள்ளது. 14, 29 ஆகிய எண்களைக் கொண்ட குகைகளிலும் அக்காட்சி உண்டு. கி.பி. 6, 7-ஆம் நூற்றாண்டுகளில் உளி பிடித்த சிற்பிகள் ஒரு முறை செதுக்கி மனம் நிறைவடையாமல் மீண்டும் மீண்டும் செதுக்கியிருக்கின்றனர் என்றால், அக்கதையில் அவர்களுக்கு எத்துணை ஈடுபாடு இருந்திருக்க வேண்டும்! மேலே கணவனும் மனைவியும் ஆடிக்கொண்டிருக்க, கீழே நந்தியைச் சுற்றிப் பூதகணங்கள் கும்மாளமிடுகின்றன. கோயிற் சிற்பத்தைக் காண்கிறோமா, ஏதோ ஒரு வீட்டுத் திண்ணையைக் காண்கிறோமா என்ற ஐயமே நமக்கு உண்டாகிறது.

ஆட்டத்தின் முடிவு என்ன? கந்தபுராணத்தின் வடமொழி மூலமாகிய ஸ்காந்தத்தில் கேதார கண்டம் இதனை விரித்துரைக்கிறது. பெருமான் தோற்கிறார். சடையிலிருந்த பிறை போகிறது. பூண்ட அணிகள் போகின்றன. இறுதியில் இடையிற் கட்டிய கோவணமும் போகிறது. உலகையெல்லாம் அழிக்க வல்லவர், உடுக்க ஒன்றுமின்றிச் சினந்து எழுந்து காட்டுக்குப் போய்விடுகிறார்! அம்மை வேட்டுவப் பெண்ணாக உருமாறிச் சென்று அவரை மயக்கி அழைத்து வர வேண்டியதாகிறது. டான் ஹாண்டல்மன், டேவிட் ஷுல்மன் என்னும் அறிஞர் இருவர் இவ்வாட்டத்தை மட்டுமே ஆராய்ந்து 1997-இல் ஒரு நூல் வெளியிட்டுள்ளனர் என்றால் இதன் ஆழம் விளங்கும்.

14-ஆம் குகையில் மற்றொரு காட்சியும் உண்டு. இராவணன் கயிலையைப் பெயர்க்கிறான். இருபது தோள்களும் புடைக்க அவன் அசைத்த மலையைப் பெருமான் கால்விரல் ஒன்றால் அழுத்தி அடக்கிவிடுகிறார். ஆக, ஒரே குகையில் இரு காட்சிகள்: இராவணனை விரலால் வென்ற அதே பெருமான், தாயக்கட்டையிடம் தோற்கிறார். நகைச்சுவையின் வேர் இங்கேதான் இருக்கிறது. ஆட்டப் பலகையின் முன் தோள்வலிமை செல்லாக் காசு. கட்டை யார் கையிலிருந்து உருண்டது என்று பார்த்து விழுவதில்லை.

நடுவரின் பாடு

வல்லவர் தோற்றால் அதை வாய் திறந்து சொல்பவர் யார்? இவ்வினாவை எழுப்பும் கதைகள் நம்மிடையே மிகச் சுவையானவை.

கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணத்தில் இவ்வாட்டம் வேறு விதமாக வருகிறது. வென்றவள் உமை. ஆனால், "வென்றவன் நானே" என்கிறார் பெருமான். வழக்கு, உடனிருந்த திருமாலிடம் வருகிறது. திருமாலோ பெருமானே வென்றார் என்று சான்று கூறிவிடுகிறார். பொய்ச்சான்று கேட்ட அம்மை வெகுண்டு, அவரைப் பாம்பாகுமாறு சபிக்கிறாள்.

சரி, பெருமானுக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னால் தப்பலாமா? கம்பன் பிறந்த ஊராகிய தேரழுந்தூரின் தலபுராணத்தைப் பாருங்கள். அங்கே சொக்கட்டான் ஆடுபவர்கள் சிவனும் திருமாலும், நடுவர் உமை. உமை தமையனாகிய திருமால் பக்கம் தீர்ப்பளிக்கிறாள். அது நேர்மையால் வந்ததா, உடன்பிறந்த பாசத்தால் வந்ததா என்பது ஒருபுறம் இருக்கட்டும், தோற்றவர்க்குப் பொறுக்கவில்லை. "பசுவாகக் கடவாய்" என்று சபித்துவிடுகிறார். பசுவுக்குத் துணையாகத் திருமாலும் அவ்வூருக்கு வந்தார் என்பர். இன்றும் அங்குள்ள பெருமாளுக்கு ஆமருவியப்பன் என்பது பெயர்.

பொய் சொன்ன நடுவர் பாம்பானார். எதிராகச் சொன்ன நடுவர் பசுவானார். பேசாமலே இருந்துவிட்டால்? அதற்கும் பாகவதத்தில் ஒரு கதை உண்டு. கண்ணன் பேரன் அநிருத்தனின் திருமணத்தில், மணப்பெண்ணின் பாட்டனாகிய ருக்மி, சூதில் விருப்பம் மிகுந்தும் திறமை குறைந்த பலராமனை ஆட்டத்துக்கு அழைத்தான். நூறு பொன், ஆயிரம், பதினாயிரம் என்று பலராமன் தோற்றுக்கொண்டே போனான். கலிங்க மன்னன் பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். பிறகு இலட்சம் பொன் பந்தயத்தில் பலராமன் வென்றான். ருக்மியோ தானே வென்றதாகச் சாதித்தான். அடுத்த பெரும் பந்தயத்திலும் அதே கதை. வானிலிருந்து ஒரு குரல் உண்மையைச் சொல்லியும் அவன் ஒப்பவில்லை. மாடு மேய்ப்பவர்க்குச் சூது எதற்கு என்று இகழ்ந்தான். பலராமன் இருப்புத் தடியால் ஒரே அடியில் அவனைக் கொன்றான். கலிங்கன் பற்களையும் உதிர்த்தான். மைத்துனன் மாண்டான், ஆனால் கண்ணன் நன்றென்றும் சொல்லவில்லை, தீதென்றும் சொல்லவில்லை. ஒரு சொல் சொன்னால் மனைவி ருக்மிணியோ தமையனோ வருந்த நேருமே! சிரிப்பில் தொடங்கிய அழுகுணி ஆட்டம் மணப்பந்தலில் பிணம் விழுவதில் முடிந்தது.

கலியின் வஞ்சம்

பையன் கேட்டது அரக்கனைப் பற்றி அல்லவா? அவ்வகையில் தலைசிறந்தவன் கலி. மகாபாரதத்திலும், தமிழில் புகழேந்தியாரின் நளவெண்பாவிலும் வருபவன் இவன். தமயந்தியின் சுயம்வரத்துக்குத் துவாபரனோடு புறப்பட்டான். போய்ச் சேருமுன்பே அவள் நளனுக்கு மாலையிட்டுவிட்டாள். ஆட்டத்தில் இறங்கும் முன்பே தோல்வி! நளனிடம் குற்றம் காண வேண்டிப் பன்னிரண்டு ஆண்டுகள் காத்திருந்தான் என்கிறது பாரதம். ஒரு நாள் நளன் கால் கழுவத் தவறியபோது அவனுள் புகுந்தான், சூதாட வைத்தான், நாட்டை இழக்கச் செய்தான்.

இக்கதையில் ஒரு நயம் உண்டு. பழைய ஆரியரின் சூதாட்டத்தில் தான்றிக்காய்களே கட்டைகளாகப் பயன்பட்டன. விழும் எண்ணிக்கைக்குத் தக்கபடி கிருதம், திரேதம், துவாபரம், கலி என்று பெயரிட்டனர். யுகங்களுக்கும் இப்பெயர்களே அமைந்தன. கிருதம் நான்கு, அது வெற்றி. கலி ஒன்று, அது தோல்வி. அதாவது, தோல்வியைப் பொறாத இவ்வரக்கனின் பெயரே தோல்வி! நளன் இருதுபன்னனிடம் சூதின் நுட்பத்தைக் கற்றதும் கலி அவன் உடலை விட்டு வெளியேறி எங்கே ஒளிந்தான் தெரியுமா? தான்றி மரத்தில்! வெளியே நின்று நம்மைத் தோற்கடிப்பவன் அல்லன் கலி. தோல்வியைப் பொறுக்காத நெஞ்சில் குடியேறுபவன் என்று முன்னோர் கண்டுள்ளனர்.

திருமலையில் ஒரு தோல்வி

தோற்றுவிட்டு அன்பு காட்டிய தெய்வமும் உண்டு. இங்குள்ள தெலுங்கு நண்பர்கள் விரும்பிக் கூறும் கதை அது. வடநாட்டிலிருந்து திருமலைக்கு வந்த பாவாஜி என்ற துறவியோடு வேங்கடவன் இரவுதோறும் சொக்கட்டான் ஆடுவாராம், தோற்கவும் தோற்பாராம். ஓரிரவு தம் அணியை அவரிடமே விட்டுப் போய்விட, பாவாஜிமீது திருட்டுப் பழி விழுந்தது. அறை நிறையக் கரும்பை வைத்துப் பூட்டி, "விடிவதற்குள் தின்று தீர்த்தால் நம்புவோம்" என்றனர். யானை ஒன்று உள்ளே தோன்றிக் கரும்பனைத்தையும் தின்று அவரைக் காத்தது. அன்று முதல் அவர் ஹாதிராம் பாவாஜி ஆனார். அவர் பெயரால் அமைந்த மடத்தின் தலைவர்களே 1843 முதல் 1933 வரை திருமலைக் கோயிலை நிருவகித்தனர்.

இங்கே தோற்றவர் சபிக்கவில்லை. மறுநாளும் ஆட வந்தார். வென்றவர்க்குத் துன்பம் வந்தபோது துணையாகவும் வந்தார். இது ஏன் இயன்றது? பகல் முழுதும் வேண்டுவோரும் வணங்குவோருமே சூழ்ந்திருக்கும் ஒருவர்க்கு, "நீர் தோற்றீர்" என்று சொல்ல ஒரே ஒரு நண்பர் கிடைத்தார். அந்நட்பை விடவா ஓர் ஆட்டத்தின் வெற்றி பெரிது?

போவன்பள்ளித் திண்ணையில்

இனி, என் குற்றம் ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன். நான் குடியிருக்கும் வீட்டுக்காரர் மூன்று தலைமுறையாகச் சிக்கந்தராபாத்தில் வாழும் தமிழ்க் குடும்பத்தவர், அன்புள்ளம் படைத்தவர். ஆனால் தாயத்தில் தோற்றால் அன்றிரவு அவ்வீட்டில் ஒருவரும் வாய் திறக்க முடியாது. ஆதலால் எல்லோரும் அவரிடம் தோற்றுப் பழகிவிட்டோம்.

ஒரு ஞாயிறு மாலை அவருடைய பேத்தி ஆட உட்கார்ந்தாள், வயது ஏழு. தாத்தாவின் கடைசிக் காய் பழமாவதற்கு இரண்டே கட்டம் இருக்கும்போது, சரியாக அவள் கேட்ட எண் விழுந்தது. வெட்டு! பெரியவர் முகம் மாறியது. "கட்டை ஓரத்திலே சாஞ்சு நின்னுது. தம்பி, நீ பாத்தியா இல்லையா? சொல்லு" என்று என் பக்கம் திரும்பினார். கட்டை சாயவில்லை. ஆனால் எனக்கு இரண்டு மாத வாடகை பாக்கி! "ஆமாம் மாமா, சாஞ்சிருந்தது" என்றேன்.

குழந்தை என்னை ஒரு பார்வை பார்த்தாள். சபித்திருந்தாலும் தாங்கியிருப்பேன். பிறகு காய்களைத் திரட்டிக்கொண்டே, "சரி, தாத்தா இனிமே ஆட்டலோ அரட்டிப்பண்டு" என்றாள்.

இத்தெலுங்குத் தொடருக்கு 'ஆட்டத்தில் வாழைப்பழம்' என்பது பொருள். ஆடத் தெரியாத சின்னஞ்சிறு பிள்ளையை ஆட்டத்தில் சேர்த்துக்கொள்வார்கள். ஆனால் அவனைப் பிடிக்கவும் மாட்டார்கள், அவனுக்குத் தோல்வியும் கிடையாது. நம்மவர் 'ஒப்புக்குச் சப்பாணி' என்பது இதைத்தான். எத்துணை உண்மை! யாரும் தோற்கடிக்கக் கூடாதவர் எவரோ, அவர் ஆட்டத்திலேயே இல்லை. என் பொய்யால் நான் அப்பெரியவரை வெற்றி பெறச் செய்யவில்லை. ஆட்டத்தை விட்டே வெளியேற்றிவிட்டேன்.

மறுநாள் மாலை அவரே பலகையை எடுத்துப் பரப்பினார். பேத்தியை அழைத்து, "நேத்து கட்டை சாயலேம்மா. தாத்தாவுக்கும் தெரியும். உன் காயை வெட்டின எடத்துலேயே வை" என்றார். தம் காயைத் தாமே எடுத்து வெளியே வைத்தார். ஆட்டம் தொடர்ந்தது, தோற்றார். முகம் சிறுத்தது. ஆயினும் எழுந்து போகவில்லை. "இன்னொரு ஆட்டம்" என்று கட்டையைக் கையில் எடுத்தார். என்னை அவர் ஒன்றும் சொல்லவில்லை. வாடகை பாக்கியை மட்டும் மறவாமல் கேட்டார்!

நண்பர்களே! சங்கத் தேர்தலில் நிற்கிறோம், சொற்போரில் மோதுகிறோம், ஆடுகளத்தில் இறங்குகிறோம். நாளை நம்மில் சிலர் பெரும் பதவிகளில் அமரவும் கூடும். அப்போது நம்மிடம் தோற்பதற்கென்றே பலர் நம்மைச் சூழ்ந்து நிற்பார்கள். அவர்கள் நடுவே, "தாத்தா, உன் காய் வெட்டுப்பட்டுவிட்டது" என்று சொல்லும் ஒரு குழந்தையை நாம் இழந்துவிடலாகாது. நடுவராக நிற்க நேரும் நாளில், வாடகை பாக்கியை எண்ணி நாம் வாய் தவறவும் கூடாது.

சித்திரக்கதை அரக்கனைப் பார்த்துச் சிரிப்போம். ஆனால் அவனிடமும் கற்கத் தக்க பண்பு ஒன்று உண்டு. எத்தனை முறை தோற்றாலும், குமுறிக்கொண்டேனும், அவன் மீண்டும் ஆட வருகிறான்!