பேச்சை எழுதுகிறவர்



சினிமா பார்த்துவிட்டு வந்தால் யார் நடித்தார்கள் என்று பேசுவோம். அவர்கள் பேசின பேச்சை எழுதினது யார் என்று கேட்கிறோமா? எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி என்று கதையை அடுக்குவது திரைக்கதை. அந்தக் காட்சியில் ஆட்கள் பேசுவது வசனம். இரண்டையும் ஒருவர் உட்கார்ந்து எழுத வேண்டும்.

வசனத்தால் பேர் வாங்கியவர் கிரேஸி மோகன். 1952 அக்டோபர் 16-இல் பிறந்தார். கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்தபோதே நாடகம் எழுதினார். 1976-இல் ‘கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ நாடகம் எழுதினார். எஸ்.வி.சேகர் அதை மேடையேற்றினார். அதனால்தான் ‘கிரேஸி’ என்ற பட்டம் ஒட்டிக்கொண்டது. 1979-இல் சொந்த நாடகக் குழு தொடங்கினார். அவர் எழுதிய நாடகம் ஒன்றை 1983-இல் கே.பாலசந்தர் ‘பொய்க்கால் குதிரை’ என்று படமாக்கினார். அப்புறம் அபூர்வ சகோதரர்கள் (1989), அவ்வை சண்முகி (1996), பஞ்சதந்திரம் (2002), வசூல்ராஜா (2004) என்று நிறைய படங்களுக்கு வசனம் எழுதினார். டிவி தொடர்களும் எழுதினார். 2019 ஜூன் 10-இல் காலமானார்.

அவர் நாடகங்களில் கதாநாயகி பேர் ஜானகி என்றே வரும். சின்ன வயதில் அவருக்குச் சொல்லிக்கொடுத்த டீச்சர் பேராம் அது!

‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) படத்தில் கமலுக்கு 4 வேஷம். நாலும் ஒரே முகம். ஆனால் சமையல்காரர் காமேஸ்வரன் பாலக்காட்டுத் தமிழில் பேசுவார். பணக்கார மதன் இங்கிலீஷ் கலந்து பேசுவார். கண்ணை மூடிக்கிட்டு கேட்டாலும் இது யார் என்று தெரிந்துவிடும். எல்லாரையும் ஒரே மாதிரி பேச வைத்தால் நாலு வேஷம் போட்டும் பிரயோஜனம் இல்லை.

இதை நான் ஏன் எழுதுகிறேன் என்றால், ஒரு விழா நாடகத்தில் எனக்குப் பாட்டி வேஷம். ஒத்திகையில் எங்க ஆயா பேசுற மாதிரியே பேசினேன். கூட இருந்தவங்க, “ஐயே, மலைப் பேச்சு” என்று சிரித்தார்கள். எனக்கு வெட்கமாகிவிட்டது. மேடையில் புத்தகத் தமிழில் ஒப்பித்தேன். வீட்டுக்கு வந்ததும் ஆயா கேட்டுச்சு: “கெழவி வேசம் போட்டியே, எந்தக் கெழவி அப்படிப் பேசுவா?” என்னிடம் பதில் இல்லை.

இப்போது பதில் தெரியும். வசனம் எழுத முதல் வேலை காது கொடுத்துக் கேட்பது. சந்தையில் தேன் விற்கிறவர், சாமை புடைக்கிற அம்மா, திருப்பத்தூர் பஸ் கண்டக்டர், ஒவ்வொருவரும் ஒவ்வொரு மாதிரி பேசுகிறார்கள். நான் ஒரு நோட்டில் எழுதி வைக்கிறேன். முதல் பக்கம் ஆயா பேசினது. அடுத்த நாடகம் நான் எழுதப்போகிறேன். அதில் புதூர்நாட்டுப் பாட்டி புதூர்நாட்டுப் பேச்சே பேசுவார்.

நீங்களும் ஒரு நோட்டு போடுங்கள். நம்ம பேச்சை நாம எழுதாவிட்டால் வேறு யார் எழுதுவார்?



— 9-ஆம் வகுப்பு மாணவி