கையொப்பமிடுமுன்

சென்னையில் மணமுடித்த என் தங்கை, கணவர் வீட்டாரின் கொடுமை தாளாமல் 2016இல் பொலிஸில் முறைப்பாடு செய்தாள். பின்னர் பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். நகைகள் திரும்பி வந்தன. இருவரும் மனமொத்துப் பிரியவும் இணங்கினார்கள். "இனி வழக்கை வாபஸ் வாங்கிவிடு" என்றார்கள்.

அது அவள் கையில் இருக்கவில்லை. அன்றைய 498ஏ பிரிவின் கீழ் (2024 முதல் அது புதிய சட்டத்தின் 85ஆம் பிரிவு) வழக்கை நடத்துவது அரசு. ஆனால், இருதரப்பும் சமரசமானால் உயர் நீதிமன்றம் அதை ரத்துச் செய்யலாம் என, பி.எஸ். ஜோஷி வழக்கில் 2003இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது.

அங்கே நீதிபதி அவளையே கேட்டார்: "யாராவது வற்புறுத்தினார்களா?"

"இல்லை" என்றாள். அது உண்மை.

சகோதரிகளே, அந்தக் கேள்விக்கு மனமறிய "இல்லை" என்று சொல்ல முடிந்தால் மட்டுமே சமரசத்தில் கையொப்பமிடுங்கள்.