பெண்கல்வியும் வாழ்க்கைத் தகுதியும்: தங்கவயலுக்கு ஒரு படிப்பினை

கோலார் தங்கவயலில் 1880ஆம் ஆண்டு தொடங்கி ஏறத்தாழ 120 ஆண்டுகள் நவீன முறையில் தங்கம் வெட்டி எடுக்கப்பட்டது. வட ஆர்க்காடு, சித்தூர் முதலிய மாவட்டங்களிலிருந்து குடியேறிய தொழிலாளர் குடும்பங்களின் உழைப்பால் வளர்ந்த ஊர் இது. அவர்களுள் பெரும்பாலோர் தாழ்த்தப்பட்ட வகுப்பினர். 1952ஆம் ஆண்டுச் சுரங்கச் சட்டத்தின் 46ஆம் பிரிவு, நிலத்தடி வேலையில் பெண்களை அமர்த்துவதைத் தடை செய்தது. பாதுகாப்புக் கருதி விதிக்கப்பட்ட தடையே எனினும், அதற்குப் பொருளாதார விளைவும் உண்டு. குடும்ப வருவாய் பெரும்பாலும் ஆணின் கூலியையே சார்ந்து நின்றது. 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கங்கள் மூடப்பட்டபோது அவ்வருவாய் நின்றுபோயிற்று.

ஆகவே இவ்வூரில் பெண்கல்வி என்பது பிழைப்பைப் பற்றிய கேள்வியாகும். பெண்களுக்குப் பள்ளி மட்டும் இருந்தால் போதுமா? வேறு எவை உடன் இருத்தல் வேண்டும்? இளம் வயதிலேயே இப்பணியில் இறங்கிய இரு பெண்களின் அனுபவம் இதற்கு விடை தருகிறது. ஒருவர் தமிழகத்தவர், மற்றவர் ஆப்பிரிக்காவைச் சேர்ந்தவர்.

சகோதரி சுப்பலட்சுமி

1886இல் பிறந்த சுப்பலட்சுமி, சிறுமியாக இருந்தபோதே மணம் செய்விக்கப்பட்டு விதவையானார். பெற்றோரின் ஆதரவால் கல்வியைத் தொடர்ந்து, 1911இல் சென்னை மாநிலக் கல்லூரியில் பட்டம் பெற்றார். மறு ஆண்டே, தம் 26ஆம் வயதில், இளம் விதவையர் தங்கிப் படிப்பதற்கென எழும்பூரில் ஓர் இல்லத்தைத் தொடங்கினார். அது பின்னர் கடற்கரையை ஒட்டிய ஐஸ் ஹவுஸ் கட்டடத்திற்கு மாறியது.

அக்காலத்தில் பெண் ஆசிரியர்கள் போதிய அளவில் கிடைக்கவில்லை என்பது அரசின் குறை. வாழ வழியில்லை என்பது இளம் விதவையரின் துயரம். இவ்விரண்டையும் சுப்பலட்சுமி ஒன்றாக இணைத்துக் கண்டார். பெண் பள்ளிகளின் ஆய்வாளராக இருந்த கிறிஸ்டினா லிஞ்ச் அம்மையார் அவருக்குத் துணை நின்றார். தங்கும் இடம், பள்ளிப் படிப்பு, ஆசிரியப் பயிற்சி, ஊதியம் தரும் வேலை என்று படிப்படியாகச் செல்லும் வழி இதனால் அமைந்தது. 1922இல் தொடங்கப்பெற்ற லேடி வெலிங்டன் பயிற்சிக் கல்லூரிக்கு அவரே முதல்வரானார்.

சட்டத்தின் தேவையையும் அவர் உணர்ந்திருந்தார். திருமண வயதைப் பற்றி ஆராய அமைக்கப்பட்ட ஜோஷி குழுவின் முன் அவர் சாட்சியம் அளித்தார். 1929ஆம் ஆண்டுக் குழந்தை மணத் தடுப்புச் சட்டம் பெண்ணின் மண வயதை 14 என வரையறுத்தது. 1978ஆம் ஆண்டுத் திருத்தம் அதை 18ஆக உயர்த்தியது.

அவர் தொடங்கிய இல்லம் தொடக்கத்தில் பிராமண விதவையருக்கே உரியதாக இருந்தது என்பதையும் கூறுதல் வேண்டும். மிகவும் பின்தங்கிய பெண்களுக்கு அதன் கதவு அப்போது திறக்கவில்லை. ஒரு தனி மனிதரின் தொண்டு எவ்வளவு உயர்ந்ததாயினும், அனைவரையும் எட்டுவதற்கு அரசின் பொறுப்பு இன்றியமையாதது என்பது இதனால் விளங்கும்.

டான்சானியாவின் அனுபவம்

ஆப்பிரிக்காவின் டான்சானியா நாட்டில் 1971ஆம் ஆண்டுத் திருமணச் சட்டப்படி ஆணுக்கு மண வயது 18. பெண்ணையோ, பெற்றோர் இசைந்தால் 15 வயதிலும், நீதிமன்றம் அனுமதித்தால் 14 வயதிலும் மணம் செய்விக்க அச்சட்டம் இடமளித்திருந்தது. ரெபேக்கா ஜியூமி என்னும் இளம் வழக்கறிஞர் பெண்கல்விக்கென ஓர் அமைப்பை நிறுவியவர். மணம் முடிந்ததும் சிறுமியின் படிப்பு நின்றுவிடுகிறது என்பதைக் கண்டு, இச்சட்டத்தை எதிர்த்து வழக்குத் தொடுத்தார். 2016இல் உயர் நீதிமன்றம் அப்பிரிவுகள் அரசியலமைப்புக்கு மாறானவை எனத் தீர்ப்பளித்தது. அரசு மேல்முறையீடு செய்தும், 2019இல் அத்தீர்ப்பு உறுதி செய்யப்பட்டது. 2018இல் ஐக்கிய நாடுகளின் மனித உரிமைப் பரிசு ஜியூமிக்கு வழங்கப்பட்டது.

காலத்தாலும் தொலைவாலும் வேறுபட்ட இவ்விருவரும் ஒரே முடிவுக்கு வந்தனர். சிறுமி பள்ளியில் தொடர்ந்திருக்க வேண்டுமானால், அவளது திருமண வயதைச் சட்டம் காத்தல் வேண்டும்.

தங்கவயலில் செய்யத்தக்கவை

தங்கவயல் மக்களுக்குக் கல்வியார்வம் புதியதன்று. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே அயோத்திதாசப் பண்டிதரின் சாக்கிய பௌத்த சங்கம் மாரிக்குப்பத்தில் கிளை கொண்டிருந்தது. அந்த ஆர்வம் வேலையாக மாறுவதற்கு மேற்கண்ட படிப்பினை உதவும்.

முதலாவது, தங்குமிடம். வேலை தேடி நாள்தோறும் பெங்களூருக்கு இரயிலில் செல்லும் பெற்றோரின் பெண்மக்கள், வீட்டுப் பொறுப்பைச் சுமந்து படிப்பை விட்டுவிடக்கூடும். 2004இல் தொடங்கப்பட்ட கஸ்தூரிபா காந்தி பாலிகா வித்யாலயா போன்ற உண்டு உறைவிடப் பள்ளிகளைப் பற்றி அலுவலர்கள் இக்குடும்பங்களுக்கு எடுத்துரைத்தல் நலம்.

இரண்டாவது, தொழில் தகுதி. 2019 ஜனவரியில் மைய அரசு வெளியிட்ட அறிவிக்கை, சுரங்கங்களில் தொழில்நுட்பம், மேற்பார்வை, மேலாண்மைப் பணிகளில் பெண்களை நிலத்தடியிலும் அமர்த்த வழி செய்தது. தங்கவயல் சுரங்கங்கள் மூடப்பட்டு ஏறத்தாழ 18 ஆண்டுகள் கழிந்த பின்னரே இவ்வாய்ப்பு வந்தது. அதுவும் உரிய தொழிற்கல்வி பெற்ற பெண்ணுக்கே பயன்படும். எனவே பத்தாம் வகுப்போடு நின்றுவிடாமல், பட்டயப் படிப்பு வரை பெண்களை அழைத்துச் செல்லுதல் வேண்டும்.

மூன்றாவது, சட்டக் காப்பு. 2006ஆம் ஆண்டுக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம், ஒவ்வொரு பகுதிக்கும் தடுப்பு அலுவலரை நியமிக்க வகை செய்கிறது. பள்ளி வருகைப் பதிவேட்டில் ஒரு சிறுமியின் பெயர் தொடர்ந்து விடுபட்டால், ஆசிரியர் உடனே விசாரித்து, வேண்டியபோது அவ்வலுவலருக்குத் தெரிவித்தல் அவசியம்.

கொடையாளரின் நன்கொடையால் ஒரு பள்ளி தொடங்கலாம். உறைவிடமும் பயிற்சியும் சட்டமும் ஒன்றுசேரும்போதுதான் அங்குப் படித்த பெண் தன் காலில் நிற்கிறாள். அவ்வாறு நிற்கும் பெண்கள் பெருகினால், ஒரு தொழில் மூடப்பட்டாலும் இல்லத்தின் அடுப்பு அணையாது.