ஒரு மசியல், இரண்டு கிண்ணங்கள்

மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும் நோயாளியின் கையில் மருந்துச் சீட்டோடு உணவுக் குறிப்பு ஒன்றும் இருக்கும். உப்பைக் குறைக்க வேண்டும், எண்ணெயைக் குறைக்க வேண்டும், காரத்தைத் தவிர்க்க வேண்டும் என்று அதில் எழுதியிருக்கும். அக்குறிப்பை எழுதித் தருபவர்கள் உணவியல் பிரிவினராகிய நாங்களே. ஆயினும், அடுத்த பரிசோதனைக்கு வரும் குடும்பத்தாரிடம் பேசும்போது, நாங்கள் எழுதாத ஒன்றும் வீட்டில் நடைமுறைக்கு வந்திருப்பதைப் பலமுறை கண்டிருக்கிறோம். நோயாளிக்குத் தனிச் சமையல், தனிப் பாத்திரம், தனி நேரம் என்று வீடு இரண்டாகப் பிரிந்திருக்கும். மற்றவர்கள் ஒன்றாக அமர்ந்து உண்ணும் வேளையில் அவர் முன்னதாகவே கஞ்சியை முடித்துக்கொண்டு அறைக்குள் படுத்திருப்பார். அவரைப் பராமரிப்பவரோ இரண்டு சமையலையும் செய்து முடித்து, எஞ்சியதை நின்றபடியே உண்பார்.

பத்தியம் தேவையானதுதான்; ஆனால் அது தனிமையாக மாறிவிடக் கூடாது. தனியே உண்பவருக்குப் பசி குறைகிறது. இரண்டு கவளத்தோடு தட்டை ஒதுக்கிவிடுகிறார். உடல் தேறுவதற்குப் புரதம் மிகுதியாகத் தேவைப்படும் நாட்களில் இது பெரிய இழப்பு. ஆகவே, நோயாளியும் வீட்டாரும் ஒரே வேளையில் ஒன்றாக அமர்ந்து உண்ணக்கூடிய ஒரு பண்டத்தை இவ்விதழில் விளக்குகிறோம். அது ராஜ்மா மசியல். உணவகங்களில் ‘டிப்’ என்ற பெயரில் சிறு கிண்ணத்தில் வைக்கப்படும் தொடுகறி வகையைச் சேர்ந்தது.

எங்கிருந்து வந்தது?

ராஜ்மாவும் மிளகாயும் ஒரே நிலப்பரப்பின் பயிர்கள். இரண்டும் அமெரிக்கக் கண்டத்தில் பல்லாயிரம் ஆண்டுகளாகப் பயிரிடப்பட்டு வந்தவை; ஐரோப்பியர் அங்குச் சென்ற பின்னரே நம் நாட்டை அடைந்தன. மெக்சிகோவில், வேகவைத்த பயற்றைக் கொழுப்பில் இட்டு மசித்து வதக்கும் பண்டத்திற்கு ‘ஃப்ரிஹோலெஸ் ரெஃப்ரிதோஸ்’ என்று பெயர். இருமுறை வறுத்தது என்று அதற்குப் பிறர் பொருள் கொள்வதுண்டு. மெக்சிகோ வழக்கிலோ நன்றாக வறுத்தது என்பதே பொருள். அதனைச் சற்று இளக்கி, காரம் சேர்த்து, நடுவில் ஒரு கிண்ணமாக வைத்து, சோளச் சீவல்களால் அள்ளி உண்பது மெக்சிகோவை ஒட்டிய டெக்சாஸ் மாநிலத்தில் விருந்தினர் கூடும் இடங்களில் பெருவழக்கு. அங்குப் பன்றிக் கொழுப்பில் செய்வது மரபு. நாங்கள் கூறும் முறையில் சிறிதளவு எண்ணெயே போதும்.

முதலில் ஓர் எச்சரிக்கை

சிவப்பு ராஜ்மாவைப் பச்சையாகவோ அரைவேக்காடாகவோ உண்ணலாகாது. அதில் லெக்டின் வகையைச் சேர்ந்த நச்சுப் புரதம் ஒன்று உள்ளது. சரியாக வேகாத விதைகள் நான்கைந்து வயிற்றுக்குள் சென்றாலே, ஒன்று முதல் மூன்று மணி நேரத்திற்குள் கடும் குமட்டலும் வாந்தியும், பின்னர் வயிற்றுப்போக்கும் ஏற்படக்கூடும். உடல்நலம் உள்ளவர் அன்றே தேறிவிடுவார். ஏற்கெனவே மெலிந்திருக்கும் நோயாளிக்கு அந்த நீரிழப்பே ஆபத்தாகலாம்.

இந்த நச்சு கொதிநிலை வெப்பத்தில் அழிந்துவிடும். எனவே மூன்று படிகளைத் தவறாது பின்பற்றுங்கள். ராஜ்மாவைக் குறைந்தது 8 மணி நேரம் ஊறவிடுங்கள். கோடைக்காலமாயின் ஊறும் பாத்திரத்தைக் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். ஊறிய நீரை முழுவதும் கொட்டிவிட்டுப் புதுநீர் ஊற்றுங்கள். பின்னர்த் திறந்த பாத்திரத்தில் 10 நிமிடம் தளதளவெனக் கொதிக்கவிட்டு, அதன் பிறகே குக்கரை மூடுங்கள். மெல்லிய சூட்டிலேயே நெடுநேரம் வேகவைக்கும் ‘ஸ்லோ குக்கர்’ போன்ற கருவிகளில் ஊறிய ராஜ்மாவை நேரடியாகப் போடலாகாது. கொதிநிலையை எட்டாமல் சூடாகும் விதை பச்சை விதையைவிடவும் மிகுந்த தீங்கு விளைவிக்கக்கூடும்.

தேவையானவை (8 பேருக்கு)

மசியலுக்கு: ராஜ்மா 1 கோப்பை (ஏறத்தாழ 180 கிராம்), பெரிய வெங்காயம் 1, தக்காளி 1, பூண்டு 6 பல், சீரகம் 1 தேக்கரண்டி, எண்ணெய் 2 மேசைக்கரண்டி, எலுமிச்சைச் சாறு 1 மேசைக்கரண்டி, உப்பு அரைத் தேக்கரண்டி.

காரக் கிண்ணத்திற்கு: காய்ந்த மிளகாய் 6, பூண்டு 2 பல், எண்ணெய் 1 மேசைக்கரண்டி. இதில் உப்புச் சேர்க்க வேண்டாம்.

செய்முறை

முன்னர்க் கூறியவாறு கொதிக்கவைத்த ராஜ்மாவைக் குக்கரில் மூடி, ஒரு விசில் வந்தபின் தணலைக் குறைத்து 20 நிமிடம் வேகவிடுங்கள். ஆவி தானாக அடங்கிய பிறகு, பாத்திரத்தின் வெவ்வேறு இடங்களிலிருந்து ஐந்தாறு விதைகளை எடுத்து இரு விரல்களுக்கிடையே நசுக்கிப் பாருங்கள். ஒன்றுகூட நடுவில் கடினமாக இருக்கலாகாது. இருப்பின் மீண்டும் வேகவையுங்கள். பழைய விதைகளும், உப்புத்தன்மை மிகுந்த ஆழ்துளைக் கிணற்று நீரும் வேகும் நேரத்தைக் கூட்டும். புளிப்புப் பொருளும் விதையை இளகவிடாது. ஆகையால் தக்காளியையும் எலுமிச்சையையும் விதை வெந்த பின்னரே சேர்க்க வேண்டும்.

அகன்ற வாணலியில் எண்ணெயைக் காயவைத்துச் சீரகத்தைப் பொரியவிடுங்கள். பொடியாக நறுக்கிய வெங்காயத்தையும் பூண்டையும் பொன்னிறமாகும் வரை வதக்கி, தக்காளியைச் சேர்த்து நீர் வற்றும் வரை கிளறுங்கள். உப்பைக் குறைக்கும்போது சுவையை ஈடுகட்டுவது இந்த வதக்கலே. ஆதலால் இங்கு அவசரம் வேண்டாம். வெந்த ராஜ்மாவை வடித்து இதில் இட்டு, மத்தாலோ கரண்டியின் அடிப்பகுதியாலோ மசியுங்கள். வெந்த நீரைச் சிறிது சிறிதாக ஊற்றி, இட்லி மாவின் பதத்திற்குக் கொண்டு வாருங்கள். ஆறும்போது மேலும் இறுகும் என்பதால் சற்றுத் தளர்வாகவே இறக்கலாம். உப்பையும் எலுமிச்சைச் சாற்றையும் இறுதியில் கலந்துவிடுங்கள்.

காரத்திற்கு, மிளகாயைக் காம்பும் விதையும் நீக்கி வெந்நீரில் 20 நிமிடம் ஊறவைத்து, பூண்டுடன் விழுதாக அரைத்து, எண்ணெயில் பச்சை வாடை போகும் வரை வதக்குங்கள். இதனைத் தனிக் கிண்ணத்தில் வையுங்கள். மசியலுடன் கலந்துவிட வேண்டாம்.

இந்த இரண்டாவது கிண்ணமே இம்முறையின் உயிர். மசியல் எல்லோருக்கும் ஒன்று. காரம் அவரவர் தட்டில் அவரவர் விருப்பப்படி. வாய்ப்புண் உள்ளவரும், நெஞ்செரிச்சல் உள்ளவரும், பள்ளி செல்லும் பேரனும், காரமின்றி உணவு இறங்காத தாத்தாவும் ஒரே பாயில் அமரலாம். ஒருவேளை காரம் மிகுந்துவிட்டால் தண்ணீர் குடித்துப் பயனில்லை. மிளகாயின் எரிப்புப் பொருள் நீரில் கரையாது. ஒரு கரண்டி தயிர் அதனைத் தணிக்கும்.

யார், எவ்வளவு உண்ணலாம்?

மேற்கூறிய அளவை எட்டாகப் பகிர்ந்தால், ஒருவருக்கு நான்கைந்து மேசைக்கரண்டி மசியல் கிடைக்கும். அதில் ஏறத்தாழ 5 கிராம் புரதம் உண்டு. உப்பு அரை கிராமுக்கும் குறைவே. பெரியவர் ஒருவருக்கு நாளொன்றுக்கு 5 கிராமுக்குக் குறைவான உப்பே உகந்தது என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை.

நீரிழிவு உள்ளவர்களுக்கு ராஜ்மா பொதுவாக உகந்தது. நார்ச்சத்து மிகுந்திருப்பதால் இரத்தச் சர்க்கரையை மெதுவாகவே உயர்த்தும். எனினும் இதில் மாவுச்சத்தும் உண்டு. ஆகவே மசியலை உண்ணும் வேளையில் சோற்றையோ சப்பாத்தியையோ அதற்கேற்பக் குறைத்துக்கொள்ள வேண்டும்.

சிறுநீரக நோய் உள்ளவர்கள், குறிப்பாக டயாலிசிஸ் செய்துகொள்பவர்கள், எங்களைக் கேட்காமல் இதனை உண்ண வேண்டாம். வெந்த ராஜ்மா 100 கிராமில் ஏறத்தாழ 400 மில்லிகிராம் பொட்டாசியம் உள்ளது. ஊறவைத்த நீரையும் வேகவைத்த நீரையும் கொட்டிவிடுவதால் அது ஓரளவு குறையும். அந்த அளவு உங்களுக்கு ஏற்றதா என்பதை உங்கள் இரத்தப் பரிசோதனை முடிவைப் பார்த்தே கூற இயலும். மேலும், கடைகளில் விற்கும் குறைசோடிய உப்புகள் பலவற்றில் பொட்டாசியம் குளோரைடு கலந்திருக்கும். சிறுநீரக நோயாளிகளும், இரத்த அழுத்தத்திற்கோ இதய நோய்க்கோ மருந்து உண்பவர்களும் மருத்துவரைக் கேட்காமல் அவற்றைப் பயன்படுத்தலாகாது.

விழுங்குவதில் சிரமம் உள்ளவர்களுக்கு, விதைத்தோல் தங்காதபடி மசியலைச் சல்லடையில் தேய்த்து வடித்துத் தரலாம். எந்தப் பதம் பாதுகாப்பானது என்பதை விழுங்கல் பயிற்சி அளிப்பவரிடம் முன்னதாகக் கேட்டறியுங்கள். வயிற்றில் அறுவை சிகிச்சை செய்துகொண்டவர்கள் மருத்துவர் அனுமதித்த பின்னரே பயறு வகைகளைத் தொடங்க வேண்டும். ஏனையோருக்கும் முதல் நாளில் இரண்டு கரண்டி போதும். குடல் பழகப் பழக வாயுத் தொல்லை குறையும்.

பகிரும் முறை

பொதுக் கிண்ணத்தில் நேரடியாகத் தோய்த்து உண்பது இப்பண்டத்தின் பழைய வழக்கம். நோயாளி இருக்கும் வீட்டில் அதனை மட்டும் மாற்றிக்கொள்ளுங்கள். கிண்ணத்தில் ஒரு கரண்டி இருக்கட்டும். அனைவரும் தத்தம் தட்டில் எடுத்துக்கொண்டு, அங்கே தோய்த்து உண்ணட்டும். வெள்ளரித் துண்டு, லேசாக வேகவைத்த கேரட், மொறுமொறுப்பாகச் சுட்டு நறுக்கிய சப்பாத்தி, சிறு தோசை ஆகிய அனைத்தும் இதற்குப் பொருந்தும். பொரித்த சீவல்களில் உப்பும் எண்ணெயும் மிகுதி என்பதால் அவற்றைத் தவிர்ப்பது நலம்.

சமைத்த மசியலை வெளியில் 2 மணி நேரத்திற்கு மேல் வைக்கலாகாது. கடும் வெயில் நாட்களில் 1 மணி நேரமே எல்லை. எஞ்சியதை அகன்ற தட்டையான பாத்திரத்தில் மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, 3 நாட்களுக்குள் ஆவி பறக்கச் சூடாக்கி உண்ணலாம். புற்றுநோய்க்கு மருந்து ஏற்றிக்கொள்பவர்களும், உறுப்பு மாற்று சிகிச்சை பெற்றவர்களும் அன்று செய்ததை அன்றே உண்ண வேண்டும். அவர்களுக்குப் பச்சைக் காய்களுக்கு மாற்றாக வேகவைத்த காய்களையே கொடுங்கள். விடுதியில் தங்கிச் சிகிச்சை பெறுவோருக்கு வீட்டிலிருந்து எதைக் கொண்டுவருவதாயினும் முதலில் செவிலியரிடம் காட்டுங்கள்.

பராமரிப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். ராஜ்மாவை இரவில் ஊறப்போட்டுவிட்டால், மறுநாள் மாலை ஒரு மணி நேர வேலைதான்; அதிலும் மசிப்பதை வீட்டிலுள்ள வேறொருவரிடம் ஒப்படைக்கலாம். நோயாளியாலும் அமர்ந்தபடியே பூண்டு உரித்துத் தர முடியும். கிண்ணங்களை நடுவில் வைத்த பிறகு நீங்களும் ஒரு தட்டை எடுத்துக்கொண்டு அவருக்கு அருகில் அமருங்கள். உணவு தொடர்பான ஐயங்களுக்கு, அடுத்த பரிசோதனைக்கு வரும்போது அண்மைக் கால இரத்தப் பரிசோதனை அறிக்கையுடன் எங்கள் பிரிவுக்கு வாருங்கள். உங்கள் வீட்டுக்கு ஏற்ற அளவை அமர்ந்து எழுதித் தருகிறோம்.